‘ஜமீன் மாளிகை’ அல்ல, காணியாட்சி வீடு

‘ஐசக் நியூட்டன் லிங்கன்ஷயரின் ஒரு குக்கிராமத்தில், ஜமீன் மாளிகையில் பிறந்தார்.’ சிறுவர் நூல்களிலும் நாளிதழ் இணைப்புகளிலும் இந்த வாக்கியம் சிற்சில மாற்றங்களோடு வந்துகொண்டே இருக்கிறது. ஒரே வாக்கியத்தில் இரண்டு பிழைகள். ஆங்கில மூலத்தில் இருப்பவை ‘ஹேம்லட்’, ‘மேனர் ஹவுஸ்’ என்ற இரு சொற்கள். இரண்டுமே நில ஆட்சியின் சொற்கள். தமிழில் ஒன்று இளக்காரமாகவும் மற்றொன்று ஆடம்பரமாகவும் மாறிவிட்டது.

சிறியதை முதலில் முடித்துவிடலாம். ‘ஹேம்லட்’ பழைய பிரெஞ்சிலிருந்து வந்தது. ஊரைக் குறித்த ‘ஹாம்’ என்ற ஜெர்மானிய வேரோடு சிறுமைப் பின்னொட்டு இருமுறை சேர்ந்து பிறந்த சொல் அது. இங்கிலாந்து வழக்கில் தனக்கென்று தேவாலயம் இல்லாமல் பக்கத்துப் பேரூரின் தேவாலயப் பங்கில் அடங்கிய ஊரே ஹேம்லட். நியூட்டன் பிறந்த ஊல்ஸ்தார்ப் அப்படிப்பட்டது. அவருக்கு ஞானஸ்நானம் நடந்தது பக்கத்தில் உள்ள கோல்ஸ்டர்வொர்த் தேவாலயத்தில். ஊர்ப்பெயரில் உள்ள ‘தார்ப்’ என்ற ஈறே டேனியர் விட்டுச்சென்ற சொல். பெரிய ஊரைச் சார்ந்த புறக்குடியிருப்பு என்பது அதன் பொருள். ‘குக்கிராமம்’ இதைச் சொல்லவில்லை. ‘கு’ என்ற வடமொழி முன்னொட்டு இழிவையும் சேர்த்தே சுமக்கிறது. பேருந்து போகாத, விளக்கு எரியாத ஊர் என்ற எண்ணமே வாசகனுக்கு வரும். நம் வருவாய்த்துறை ஆவணங்களில் ‘உட்கடை’ என்ற அருமையான சொல் தலைமுறைகளாக இருக்கிறது. ஒரு வருவாய்க் கிராமத்துக்குள் அடங்கிய சிற்றூரை அது குறிக்கிறது. ஊல்ஸ்தார்ப், கோல்ஸ்டர்வொர்த்தின் உட்கடை ஊர். இதைவிடத் துல்லியமாக யாரும் மொழிபெயர்க்க முடியாது.

இனி ‘மேனர்’. தங்குதல் என்று பொருள்படும் ‘மனேரே’ என்ற லத்தீன் வினையிலிருந்து பிரெஞ்சு வழியாக வந்தது. உடனே ‘நம் மனைதான் அது’ என்று கிளம்புவோர் உண்டு. இல்லை. கன்னடத்து ‘மனெ’யும் மலையாளத்து ‘மன’யும் நம் ‘மனை’யின் உடன்பிறப்புகள், லத்தீன் வினைக்கு வேறு குடும்பம் இருக்கிறது. ஒலி ஒத்திருப்பதை உறவாக்கிப் பெருமைப்படுவது தமிழுக்குப் பெருமை சேர்க்காது.

பிரான்சிலிருந்து வந்து இங்கிலாந்தை வென்ற நார்மானியர் காலத்தில் ‘மேனர்’ வெறும் வீடாக நிற்கவில்லை. 1086இல் முதலாம் வில்லியம் எடுத்த டூம்ஸ்டே கணக்கெடுப்பில் அது நில ஆட்சியின் அலகு. மேனருக்கு உரியவர் ஒரு பகுதியைத் தன் நேர்ப்பயிருக்கு வைத்துக்கொள்வார். மீதி குடிகளிடம் இருக்கும். அதற்கு ஈடாக அவர்கள் உழைப்பையும் குத்தகையையும் தருவார்கள். மேனருக்கென்றே ஒரு வழக்குமன்றம் உண்டு. யார் நிலம் யாருக்குப் போனது, யார் மாடு யார் பயிரை மேய்ந்தது என்பதெல்லாம் அங்கே தீர்க்கப்பட்டுச் சுருளில் பதிவாகும். அந்தப் பதிவின் நகல்தான் குடியானவனுக்கு நிலப்பத்திரம். இந்த நகல்வழி உரிமை 1926ஆம் ஆண்டு முதல் நாளில்தான் சட்டப்படி ஒழிந்தது. இந்த ஆட்சியின் தலைவீடே ‘மேனர் ஹவுஸ்’.

இதை ‘ஜமீன்’ என்கிறார்கள். இரண்டிலும் நிலம் இருக்கிறது, மேலே ஒருவர் இருக்கிறார் என்பதைத் தவிர என்ன பொருத்தம்? சென்னை மாகாணத்தில் நாம் அறிந்த ஜமீன், கம்பெனி அரசு வரி வசூலுக்காக 1802இல் சட்டமிட்டு நிலைப்படுத்திய ஏற்பாடு. குறித்த தொகையை அரசுக்குக் கட்டினால் ஜமீன் நிலைக்கும். கட்டத் தவறினால் ஏலத்துக்கு வரும். சிவகங்கை, எட்டயபுரம் போன்ற ஜமீன்களுக்குள் எத்தனையோ ஊர்கள் அடங்கின. அவற்றுக்கு அரண்மனைகளும் இருந்தன. 1948இல் சட்டமியற்றி ஜமீன்களை ஒழித்தார்கள். ஆகவே ‘ஜமீன்’ என்றதும் தமிழ் வாசகன் யானையையும் அம்பாரியையும் காண்கிறான். அதோடு ‘மாளிகை’யும் சேர்ந்தால் கேட்கவே வேண்டாம்.

ஊல்ஸ்தார்ப் வீட்டைப் பாருங்கள். சுண்ணாம்புக்கல்லில் கட்டிய, வசதியான உழவர் வீடு அது. நியூட்டனின் பாட்டனார் ராபர்ட் 1623இல் அந்த மேனரை வாங்கினார். தந்தைக்குக் கையெழுத்துப் போடத் தெரியாது. அவர் இறந்தபோது எடுத்த சொத்துக் கணக்கில் 234 ஆடுகளும் 46 மாடுகளும் இருந்தன. சொந்த நிலத்தை உழுது முன்னேறிய குடும்பம். பட்டம் சூடிய பரம்பரை அல்ல. கொள்ளைநோயால் 1665இல் கேம்பிரிட்ஜ் மூடப்பட்டபோது நியூட்டன் திரும்பிவந்து ஒளியை முப்பட்டகத்தில் பிரித்துப் பார்த்ததும், ஆப்பிள் மரக் கதை தொடங்கியதும் இங்கேதான். ‘ஜமீன் மாளிகை’ என்று எழுதுகிறவர் இந்த வரலாற்றையே திருப்பிப்போடுகிறார். எழுத்தறியாத உழவனின் மகன் செல்வச் சீமான் வீட்டுப் பிள்ளையாகிவிடுகிறான்.

இன்னொரு கொடுமை, ‘மேனரின் லார்ட்’ என்பதைப் ‘பிரபு’ ஆக்குவது. மவுண்ட்பேட்டன் பிரபு என்கிறோமே, அந்தப் பிரபு பட்டத்துக்கும் இதற்கும் தொடர்பில்லை. மேனரை வாங்கியவர் எவரும் அதன் ‘லார்ட்’ ஆகலாம். நியூட்டனுக்கு 1705இல் ஆன் அரசி தந்தது ‘சர்’ பட்டம். அது வேறு கதை. அகராதியில் முதலில் கண்ட பொருளை எடுத்து ஒட்டிவிட்டு அடுத்த வரிக்குப் போகும் பழக்கமே இதற்கெல்லாம் காரணம். அந்த வீட்டில் யார் இருந்தார்கள், எதைத் தின்றார்கள், யாருக்கு வரி கட்டினார்கள் என்று கேட்காதவர் வரலாற்றை மொழிபெயர்க்க வரக்கூடாது.

‘மேனர்’ என்றே எழுதினால் என்ன? நடத்தையைக் குறிக்கும் ‘மேனர்ஸ்’ அதற்குள் வந்து குழப்பும். மலைவாழிட விடுதிகளும் அடுக்குமாடிகளும் அந்தப் பெயரை வேறு சூட்டிக்கொண்டுவிட்டன. ‘பண்ணை வீடு’ ஒரு காலத்தில் பொருந்தியிருக்கும். இன்று அது வார இறுதியில் போய்த் தங்கும் இடம்.

நான் ‘காணியாட்சி’யை முன்வைக்கிறேன். கல்வெட்டுகளில் ‘காணி’ வழிவழியாக வரும் நில உரிமை. காணியாட்சி என்றால் அந்த உரிமையும் அதனோடு வரும் சிறப்புகளும். உரியவர் காணியாளர். மேனருக்குக் காணியாட்சி, அதன் ‘லார்ட்’டுக்குக் காணியாளர், தலைவீட்டுக்குக் காணியாட்சி வீடு என்று ஒரே வேரில் மூன்றும் கிடைக்கின்றன. ‘காணி வீடு’ என்று சுருக்க வேண்டாம். காணி என்றாலே நிலம் என்று வழங்கும் யாழ்ப்பாணத்தில் அது காணியில் கட்டிய வீடாகிவிடும். நம் காணியாட்சி பெரும்பாலும் பலர் பங்கிட்டது, அங்கே ஒருவருக்கே உரியது என்ற வேறுபாடு உண்மைதான். வழக்குமன்றமும் நம்மிடம் அதே வடிவில் இல்லை. நூலில் முதல்முறை வரும்போது ஓர் அடிக்குறிப்பு இதைத் தீர்க்கும். ‘ஜமீன்’ ஏற்றிவிடும் யானையை இறக்க எத்தனை அடிக்குறிப்பும் போதாது.

உரிமையெல்லாம் போய் வெறும் பெயராக நிற்கும் இன்றைய வீடுகளுக்கு இந்தச் சொல் தேவையில்லை. விலாசத்தில் ‘மேனர்’ என்று இருந்தால் அப்படியே எழுதிவிட்டு, வாக்கியத்தில் ‘வீடு’ என்று சொன்னால் போதும்.