காணாமல் போன டிஎல்எல்லை இணையத்தில் தேடாதீர்கள்

டிஎல்எல் என்பது பல மென்பொருள்கள் தேவைப்படும்போது ஏற்றிக்கொள்ளும் துணை நிரல் ஃபைல். "ஐநெட்மிப்1.டிஎல்எல் கிடைக்கவில்லை" என்று திரையில் ஒரு பெட்டி வந்து நின்றதும், அந்தப் பெயரை அப்படியே கூகுளில் போடுபவர்கள்தான் அதிகம். இலவசமாகத் தருகிறோம் என்று பெரிய பச்சை பட்டன் வைத்த தளங்கள் உடனே வரிசையாக வந்துவிடும். அமுக்கினால் ஃபைலும் இறங்கிவிடும். சிறிய அலுவலகங்கள், அச்சகங்கள், பள்ளிகள் போன்ற இடங்களில் கணினிகளையும் நெட்வொர்க்கையும் பராமரிப்பது என் தொழில். வைரஸ் வந்துவிட்டது என்று கூப்பிடும் இடங்களில், "கடைசியா என்ன சார் டவுன்லோடு பண்ணீங்க?" என்று கேட்டால் தயங்கித் தயங்கி வரும் பதில்களில் இதுவும் ஒன்று.

அந்த ஃபைலின் வேலை என்ன என்று தெரிந்தால் பயம் எங்கே வர வேண்டும் என்பதும் தெரியும். நெட்வொர்க்கில் உள்ள ரவுட்டர், சுவிட்ச், பிரிண்டர், சர்வர் எல்லாவற்றையும் ஓரிடத்தில் உட்கார்ந்தபடி விசாரிப்பதற்காக 1988-இல் வந்த நெறிமுறை (புரோட்டோகால்) எஸ்என்எம்பி. கேட்கும் மென்பொருள் ஒரு பக்கம், பதில் சொல்லும் ஏஜெண்ட் மறுபக்கம். எதையெல்லாம் கேட்கலாம் என்ற பட்டியலுக்கு மிப் என்று பெயர். பட்டியலில் ஒவ்வொன்றுக்கும் புள்ளி வைத்த ஒரு நீண்ட எண் உண்டு. 1.3.6.1.2.1.1.5.0 என்று கேட்டால் அந்தச் சாதனம் தன் பெயரைச் சொல்லும்.

விண்டோஸில் இந்தக் கேள்விகளை யுடிபி என்ற தகவல் அனுப்பும் முறையின் 161-ஆம் போர்ட்டில் வாங்குவது எஸ்என்எம்பி சர்வீஸ். ஆனால் பதில் அதன் கையில் இல்லை. கேள்வியின் எண்ணைப் பார்த்து அதற்குரிய டிஎல்எல்லிடம் தள்ளிவிடும். நெட்வொர்க் கார்டுகள், ஐபி முகவரிகள், திறந்திருக்கும் இணைப்புகள் பற்றிய கேள்வி என்றால் ஐநெட்மிப்1. நினைவகம், டிஸ்க், ஓடிக்கொண்டிருக்கும் நிரல்கள், நிறுவியுள்ள மென்பொருள்கள் என்றால் ஹோஸ்ட்மிப். பகிர்ந்த ஃபோல்டர்கள், பயனர் கணக்குகள், சர்வீஸ்கள் என்றால் பழைய லேன் மேனேஜர் காலத்து எல்எம்மிப்2. இவை எல்லோருக்கும் பொதுவான சில்லறை வேலைகளைச் செய்து கொடுப்பது எஸ்என்எம்பிஏபிஐ.டிஎல்எல். கேட்கும் பக்கத்து மென்பொருள்களுக்கு டபிள்யூஎஸ்என்எம்பி32, எம்ஜிஎம்டிஏபிஐ என்று தனியாக இரண்டு உண்டு. ஐபிஹெல்ப்ஏபிஐ.டிஎல்எல் இந்தக் குடும்பத்தில் சேராது. எஸ்என்எம்பி இல்லாமலே கணினிக்குள் இருக்கும் நிரல்கள் நெட்வொர்க் விவரத்தை நேரடியாகக் கேட்டு வாங்கும் வழி அது.

அப்படியானால், நெட்வொர்க் கண்காணிப்பே இல்லாத அலுவலகத்தில் ஐநெட்மிப்1-ஐ யார் கேட்கிறார்கள்? பல நேரம் ஒரு பழைய கணக்கு மென்பொருள். லைசென்ஸை ஒரே கணினியோடு கட்டிப்போட நெட்வொர்க் கார்டின் மேக் முகவரி, அதாவது அதன் தனி அடையாள எண், வேண்டும். தொண்ணூறுகளின் கடைசியில் அதை எடுக்க நிரலாளர்களிடையே பரவியிருந்த குறுக்குவழி, எஸ்என்எம்பி சர்வீஸைத் தொடாமல் இந்த டிஎல்எல்லை நேரடியாக ஏற்றி அதனிடமே கேட்பது. அந்தக் காலத்து நிரல் இன்னும் சில மேசைகளில் ஓடிக்கொண்டுதான் இருக்கிறது. பாதியில் நின்ற அப்டேட், கெட்டுப்போன டிஸ்க், "தேவையில்லாததை அழிக்கிறேன்" என்று வந்த கிளீனர் மென்பொருள், இவற்றில் ஏதோ ஒன்று அந்த ஃபைலைக் கெடுத்திருக்கும். உடனே இந்தப் பெட்டி.

இனி அந்தப் பச்சை பட்டனுக்கு வருவோம். டிஎல்எல் என்பது படமோ எழுத்தோ அல்ல, ஓடக்கூடிய நிரல். ஒரு மென்பொருள் அதை ஏற்றிய நொடியிலேயே அதன் தொடக்கப் பகுதி ஓடிவிடும். உள்ளே இருக்கும் வேறு எந்தச் செயலையும் யாரும் கூப்பிட வேண்டியதே இல்லை. அதுவும் எந்த அதிகாரத்தோடு ஓடும்? ஏற்றிய மென்பொருளுக்கு என்ன அதிகாரமோ அதே அதிகாரத்தோடு. எஸ்என்எம்பி சர்வீஸ் ஓடுவது லோக்கல் சிஸ்டம் கணக்கில், அதாவது அட்மினிஸ்ட்ரேட்டரை விடவும் ஒரு படி மேலே. அதன் பட்டியலில் கள்ள டிஎல்எல் ஒன்று ஏறிவிட்டால், கணினி ஒவ்வொரு முறை தொடங்கும்போதும் அதுவும் சேர்ந்து தொடங்கும். டாஸ்க் மேனேஜரில் ஓடும் நிரல்களின் பட்டியலைப் பார்த்தால் மைக்ரோசாஃப்ட்டின் சொந்த எஸ்என்எம்பி சர்வீஸ்தான் தெரியும்.

சில தளங்கள் விண்டோஸின் சொந்த ஃபைல்கள் இருக்கும் சிஸ்டம்32 ஃபோல்டரில் போடாதீர்கள், மென்பொருளின் ஃபோல்டரிலேயே போடுங்கள் என்று அக்கறையாகச் சொல்லும். அதிலும் ஒரு விஷயம் இருக்கிறது. விண்டோஸ் பெரும்பாலான டிஎல்எல்களை முதலில் அந்த மென்பொருளின் ஃபோல்டரில் தேடும், அங்கே இல்லாவிட்டால்தான் சிஸ்டம்32-க்குப் போகும். நல்ல ஃபைல் சிஸ்டம்32-இல் இருந்தாலும் பக்கத்தில் கிடக்கும் கள்ள ஃபைல் முந்திக்கொள்ளும். நெட்வொர்க் மென்பொருள்கள் பலவும் கேட்கும் ஐபிஹெல்ப்ஏபிஐ பெயரில் இப்படிப் போலி வைப்பது தாக்குபவர்களுக்கு நன்றாகப் பழகிய வேலை.

இறங்கிய ஃபைல் சுத்தமாகவே இருந்தாலும் வேலை செய்யும் என்பதற்கு உத்தரவாதம் கிடையாது. 64 பிட் விண்டோஸில் சிஸ்டம்32 ஃபோல்டரில் இருப்பவை 64 பிட் ஃபைல்கள், சிஸ்வாவ்64 ஃபோல்டரில் இருப்பவை 32 பிட் ஃபைல்கள். பெயரைப் பார்த்தால் தலைகீழாகத்தான் தோன்றும். இடம் மாறிப் போட்டால் மென்பொருள் வேறொரு பிழை எண்ணோடு நிற்கும். அப்புறம் அந்த எண்ணைத் தேடி இன்னொரு தளம், இன்னொரு டவுன்லோடு. இந்தத் தளங்களில் பல, ஃபைலைப் போட்டபின் ரெக்ஸ்விஆர்32 கட்டளையால் பதிவு செய்யச் சொல்லும். ஐநெட்மிப்1-இல் அப்படிப் பதிவு செய்வதற்கான வாசலே இல்லை. அதில் வெளியே தெரிவது எஸ்என்எம்பி சர்வீஸ் கூப்பிடும் சில செயல்கள் மட்டும்தான். எந்த டிஎல்எல்லாக இருந்தாலும் ஒரே குறிப்பை ஒட்டிவைக்கும் தளம், தன் கையில் இருக்கும் ஃபைல் என்ன என்று பார்த்ததே இல்லை என்று வைத்துக்கொள்ளலாம்.

சரி, என்ன செய்வது? கமாண்ட் பிராம்ப்ட்டை அட்மினிஸ்ட்ரேட்டராகத் திறந்து விண்டோஸ் ஃபைல்களைச் சரிபார்க்கும் எஸ்எஃப்சி ஸ்கேன்நவ் (sfc /scannow) கட்டளையை ஓட்டுங்கள். கெட்டுப்போன கணினி ஃபைலை விண்டோஸ் தன் சொந்தச் சேமிப்பிலிருந்து எடுத்து வைக்கும். அந்தச் சேமிப்பே கெட்டிருந்தால் டிஸ்ம் கருவியின் ரீஸ்டோர்ஹெல்த் (DISM /Online /Cleanup-Image /RestoreHealth) கட்டளையை ஓட்டிவிட்டு மறுபடி எஸ்எஃப்சி. பெரும்பாலும் இதிலேயே முடிந்துவிடும். முடியாவிட்டால் கேட்கும் மென்பொருளை அகற்றிவிட்டு, அதை விற்றவரிடம் புதிய பதிப்பு வாங்கிப் போடுங்கள்.

தேவைப்படுவது எஸ்என்எம்பி சர்வீஸே என்றால் கதை கொஞ்சம் வேறு. விண்டோஸ் 10-இன் 1809 பதிப்பிலிருந்து அது தனியாகச் சேர்க்க வேண்டிய ஒன்றாகிவிட்டது. செட்டிங்ஸில் ஆப்ஷனல் ஃபீச்சர்ஸ் பகுதியில் பெயரைத் தேடிச் சேர்க்கலாம். அப்டேட்களை அலுவலகத்துக்குள்ளேயே ஒரு சர்வர் வழியாகக் கொடுக்கும் இடங்களில் இது 800எஃப்0954 என்று முடியும் பிழையோடு நின்றுவிடும். புதிதாக வேலைக்குச் சேர்ந்த தம்பிகள் இந்த இடத்தில்தான் பொறுமை இழந்து எங்கிருந்தோ ஒரு எஸ்என்எம்பி.இஎக்ஸ்இ-யைக் கொண்டுவந்து வைக்கிறார்கள். தேவையே இல்லை. கூடுதல் கூறுகளை நேரடியாக மைக்ரோசாஃப்ட்டிடமிருந்தே எடுத்துக்கொள்ளச் சொல்லும் அமைப்பு, விண்டோஸின் நிர்வாக விதிகளை வைக்கும் குரூப் பாலிசியில் இருக்கிறது, அதை இயக்கினால் போதும்.

ஏற்கெனவே கணினியில் உள்ள ஃபைலின் மேல் சந்தேகம் இருந்தால் அதன் பிராப்பர்ட்டீஸை மட்டும் நம்ப வேண்டாம். "மைக்ரோசாஃப்ட்" என்ற பெயரை அங்கே யாரும் எழுதிவிடலாம். அதே போல டிஜிட்டல் கையெழுத்துப் பகுதி அங்கே தெரியவில்லை என்று பதறி அழிக்கவும் வேண்டாம். விண்டோஸ் ஃபைல்கள் பலவற்றின் கையெழுத்து தனியாக ஒரு கேட்டலாக் ஃபைலில் இருக்கும். பவர்ஷெல்லின் கெட் ஆதென்டிகோட் சிக்னேச்சர் கட்டளை அதையும் சேர்த்துப் பார்த்து, செல்லுமா செல்லாதா என்று சொல்லிவிடும்.

ஃபைல் அசலானதாக இருந்தால் ஆபத்து முடிந்தது என்று நினைக்கிறவர்களும் உண்டு. என் கணக்கில், கள்ள டிஎல்எல்லை விட அசல் டிஎல்எல்கள் அதிகமாகப் பேசிவிடுவதுதான் அலுவலகங்களில் அடிக்கடி பார்க்கும் பிரச்சினை. எஸ்என்எம்பியின் முதல் இரண்டு பதிப்புகளில் கடவுச்சொல்லுக்குப் பதிலாக இருப்பது கம்யூனிட்டி பெயர் என்ற ஒரு சொல். நெட்வொர்க்கில் அது மறைப்பு எதுவும் இல்லாமல் அப்படியே போகும். நடைமுறையில் அந்தச் சொல் பெரும்பாலும் "பப்ளிக்". புதிதாகச் சேர்த்தால் விண்டோஸ் அந்தப் பட்டியலைக் காலியாகத்தான் வைத்திருக்கும், வெளியிலிருந்து வரும் கேள்விக்குப் பதிலும் தராது. கண்காணிப்பு மென்பொருளை நிறுவ வருபவர், வழிகாட்டியில் போட்டிருக்கிறது என்று "பப்ளிக்" என அடித்து, எல்லா முகவரிகளிலிருந்தும் ஏற்கலாம் என்று டிக் போட்டுவிட்டுப் போய்விடுவார். அதற்குப் பிறகு அதை யாரும் திறந்து பார்ப்பதில்லை.

அதன் பிறகு என்ன தெரியும்? அலுவலக வைஃபையில் இணைந்த எந்த விருந்தாளியும் 1.3.6.1.4.1.77.1.2.25 என்ற கிளையைக் கேட்டால் எல்எம்மிப்2 அந்தக் கணினியின் பயனர் பெயர்களை வரிசையாகச் சொல்லும். கடவுச்சொல் ஊகிக்கப் பாதி வேலை முடிந்தது. ஹோஸ்ட்மிப்பைக் கேட்டால் நிறுவியுள்ள மென்பொருள்கள் என்னென்ன என்று வரும். எதற்கு எந்த ஓட்டை இருக்கிறது என்று தேட அந்தப் பட்டியல் போதும். இதைவிட மோசமானது, ஓடும் நிரல்களின் கட்டளை வரிகளும் அதில் வருவது. இரவு பேக்கப் எடுக்கும் ஸ்கிரிப்ட்டில் டேட்டாபேஸ் கடவுச்சொல்லைக் கட்டளை வரியிலேயே எழுதி வைக்கும் பழக்கம் நம்மிடம் நிறைய. அது ஓடும் நேரத்தில் கேட்டால் கடவுச்சொல்லும் சேர்ந்தே கிடைக்கும்.

ரவுட்டரில் 161-ஆம் போர்ட்டை வெளியே திறந்துவிட்டால் கேட்பவர் உலகம் முழுக்க ஆகிவிடுகிறார். யுடிபி அனுப்பியவர் யார் என்று சரிபார்ப்பதில்லை என்பதால், வேறொருவரின் முகவரியைப் போட்டுச் சிறிய கேள்வி அனுப்பி, பெரிய பதிலை அவர் தலையில் கொட்டவைக்கும் தாக்குதலுக்கும் உங்கள் சர்வர் துணைபோகும்.

செய்ய வேண்டியது அதிகம் இல்லை. தேவையில்லாத இடத்தில் சர்வீஸை நிறுத்துவதோடு விடாதீர்கள், அகற்றியே விடுங்கள். தேவைப்படும் இடத்தில் சர்வீஸின் பிராப்பர்ட்டீஸில் செக்யூரிட்டி பகுதிக்குப் போய் ஊகிக்க முடியாத பெயர், படிக்க மட்டும் அனுமதி, கண்காணிக்கும் கணினியின் முகவரி மட்டும் என்று மாற்றுங்கள். ஃபயர்வாலிலும் அதே முகவரிக்கு மட்டும் வழி. விண்டோஸின் அமைப்புகள் பதிவாகியிருக்கும் ரெஜிஸ்ட்ரியில் எஸ்என்எம்பி சர்வீஸின் பாராமீட்டர்ஸுக்குக் கீழே எக்ஸ்டென்ஷன் ஏஜெண்ட்ஸ் என்று ஒரு பகுதி இருக்கிறது. பதில் சொல்ல எந்த டிஎல்எல்கள் பதிவாகியிருக்கின்றன என்று அதைத் தொடர்ந்து போனால் தெரியும். சர்வர் தயாரிப்பாளரின் வன்பொருள் கண்காணிப்பு மென்பொருள் தன் டிஎல்எல்லையும் அங்கே சேர்த்திருக்கலாம், அதில் தப்பில்லை. யார் வைத்தது என்று சொல்ல முடியாத பெயர் இருந்தால்தான் விசாரிக்க வேண்டும்.

இடையில் பிரிண்டர் பற்றி ஒரு வார்த்தை, ஏனென்றால் சாதாரண ஆட்கள் எஸ்என்எம்பியைச் சந்திப்பது அங்கேதான். பிரிண்டர் நன்றாக இருக்கும், அதன் முகவரிக்குப் பிங்கும் போகும், விண்டோஸ் மட்டும் "ஆஃப்லைன்" என்று அடம் பிடிக்கும். பிரிண்டரின் டிசிபி ஐபி போர்ட் அமைப்பில் எஸ்என்எம்பி ஸ்டேட்டஸ் என்று ஒரு டிக் இருக்கும். விண்டோஸ் "பப்ளிக்" என்ற பெயரில் நிலையைக் கேட்டு, பதில் வராததால் பிரிண்டர் செத்துவிட்டது என்று முடிவு செய்கிறது. டிக்கை எடுத்தால் அச்சு வரும். டிரைவர் சரிசெய்யும் மென்பொருள் என்று எதையும் காசு கொடுத்து வாங்காதீர்கள்.

விண்டோஸின் எஸ்என்எம்பி சர்வீஸில், மறைப்பும் முறையான அடையாளச் சோதனையும் உள்ள மூன்றாம் பதிப்புக்கு இடமே இல்லை. சர்வர் 2012 வந்தபோதே மைக்ரோசாஃப்ட் இதைக் கைவிடும் பட்டியலில் சேர்த்துவிட்டது. அதனால் ரவுட்டருக்கும் சுவிட்சுக்கும் மூன்றாம் பதிப்பு எஸ்என்எம்பி, விண்டோஸ் கணினிகளுக்கு விண்ஆர்எம் (தொலைவிலிருந்து நிர்வகிக்கும் வழி) வழியாக டபிள்யூஎம்ஐ (விண்டோஸ் தன் விவரங்களைத் தரும் சொந்த முறை) என்று பிரித்துக்கொள்வதே என் வழக்கம். கண்காணிப்பு மென்பொருள் விற்க வருபவரிடம் இந்த இரண்டும் உண்டா என்று முதலிலேயே கேளுங்கள். "பப்ளிக்னு போட்டாலே போதும் சார்" என்று பதில் வந்தால் அடுத்தவரைக் கூப்பிடலாம்.