இரண்டாகப் பிரித்து ஏரிக்குக் கொண்டுபோன கப்பல்

ஸ்காட்லாந்தின் கிளாஸ்கோவில் 1907-இல் கட்டப்பட்ட கீவாட்டின் என்ற பயணிகள் நீராவிக் கப்பல், அட்லாண்டிக்கைக் கடந்து பத்திரமாகக் கனடா வந்து சேர்ந்தது. வந்ததும் அதைக் கியூபெக் அருகே லெவியில் இரண்டு துண்டாகப் பிரித்தார்கள்.

கப்பலுக்கு உரிமையாளர் கனடிய பசிபிக் ரயில்வே. அது ஓட வேண்டிய இடம் உள்நாட்டுப் பேரேரிகள். அங்கே போக நயாகரா அருவியைச் சுற்றிச் செல்லும் வெல்லண்ட் கால்வாயில் ஏறத்தாழ 100 மீட்டர் உயரம் ஏற வேண்டும். வழியில் இரு முனையிலும் கதவு வைத்த தொட்டிகள் படிகளாக இருக்கும். தொட்டிக்குள் கப்பல் நுழையும், பின்கதவு மூடும், தண்ணீர் நிரம்பும், கப்பல் உயரும், முன்கதவு திறக்கும். இப்படித் தொட்டி தொட்டியாக ஏற்றம். அன்றைய தொட்டிகளின் நீளம் சுமார் 82 மீட்டர். கீவாட்டினோ 100 மீட்டருக்கும் மேல்.

அக்காலத்தில் கப்பலின் எஃகுத் தகடுகளை ரிவெட் என்னும் தடித்த உலோக ஆணிகளை அடித்துத்தான் சேர்ப்பார்கள். ரிவெட்டின் தலையைச் சீவித் தட்டினால் தகடு கழன்றுவிடும். அதே துளையில் புது ரிவெட்டை அடித்துக்கொள்ளலாம். பிளந்த வாயை அடைத்து, இரு பாதிகளையும் தனித்தனியே மிதக்கவிட்டு இழுத்துச் சென்றார்கள். ஈரி ஏரிக்கரையில் உள்ள பஃபலோவில் அவை மறுபடியும் ஒரே கப்பலாயின.

என்னை அதைவிட வியக்க வைப்பது அதன் எந்திரம். ஒரே நீராவியிடம் நான்கு முறை வேலை வாங்குகிறது அது. நீராவி விரிய விரியக் குளிரும். முழு விரிவும் ஒரே சிலிண்டருக்குள் நடந்தால், வெளியேறும் நீராவி சுவரைக் குளிர்வித்துவிடும். அடுத்து வரும் சூடான நீராவி அந்தச் சுவரில் பட்டுத் தண்ணீராகும். எரித்த நிலக்கரியில் ஒரு பங்கு அங்கேயே வீண். விரிவை நான்கு சிலிண்டர்களுக்குப் பங்கிட்டால் ஒவ்வொன்றிலும் வெப்பம் கொஞ்சமே ஏறி இறங்கும். முதல் சிலிண்டர் சிறியது. அழுத்தம் குறைந்து நீராவி பருத்துக்கொண்டே போவதால் அடுத்தடுத்தவை பெரியவை. கடைசியில் நீராவி குளிர்ந்து நீராகி மீண்டும் கொதிகலனுக்குப் போகிறது.

1912 முதல் ஹியூரான் ஏரியின் விரிகுடாவில் உள்ள மெக்நிகோல் துறைமுகத்தில் டொரண்டோ ரயில் கப்பலின் பக்கத்திலேயே வந்து நிற்கும். இறங்கிய பயணிகள் அப்படியே கப்பலேறி, சுப்பீரியர் ஏரியையும் கடந்து அதன் மேற்குப் பக்கக் கரைக்குப் போவார்கள். அங்கே மேற்கு நோக்கி அடுத்த ரயில். தண்டவாளத்தின் நீட்சியாகவே கப்பல் ஓடியது.

1949-இல் நோரோனிக் என்ற ஏரிக்கப்பல் டொரண்டோவில் எரிந்து நூற்றுக்கும் மேற்பட்டோர் இறந்தனர். அதன்பின் தீப்பாதுகாப்பு விதிகள் இறுகின. மேற்கட்டில் மரவேலை நிறைந்த கீவாட்டின் 1965-இல் பயணிகளை ஏற்றுவதை நிறுத்தியது. பல பத்தாண்டுகள் அமெரிக்காவின் மிச்சிகனில் அருங்காட்சியகமாக இருந்துவிட்டு, 2012-இல் கனடா திரும்பியது. இப்போது ஒன்டாரியோவின் கிங்ஸ்டனில், அந்த நான்கு சிலிண்டர்களோடு நிற்கிறது.