கழுத்துத் தகடு எப்படி வேலை செய்கிறது?

2022 ஆகஸ்டில் சியாச்சினில், 16,000 அடிக்கும் மேலே, பழைய பதுங்குகுழி ஒன்றில் ஒரு சிப்பாயின் உடல் கிடைத்தது. உடலோடு ஒரு சின்ன உலோகத் தகடு. அதில் ராணுவ எண். அந்த எண்ணைப் பழைய பதிவுகளோடு ஒப்பிட்டுப் பார்த்தபோது, 1984 மே மாதம், சியாச்சினைப் பிடிக்க இந்திய ராணுவம் நடத்திய ஆபரேஷன் மேகதூத் சமயத்தில் பனிச்சரிவில் சிக்கிய குமாவோன் ரெஜிமென்ட் வீரர் அவர் என்று தெரிந்தது. 38 வருடம் கழித்து உடல் ஹல்த்வானியில் இருந்த மனைவியிடம் வந்து சேர்ந்தது.

செய்தியைப் படித்தவர்கள் எல்லாம் தகட்டைப் பற்றித்தான் பேசினார்கள். எனக்கு ஆச்சரியமாக இருந்தது வேறொன்று: 38 வருடம் எங்கோ ஓர் அலுவலகத்தில், அந்த எண்ணுக்கு நேரே ஒரு பெயரை யாரோ பத்திரமாக வைத்திருந்தார்களே, அது. தகடு என்பது துணிக்கடையில் கொடுக்கும் டோக்கன் மாதிரி. ஒரு பாதி நம் கையில், மறு பாதி கவுண்டரில். கவுண்டர் இல்லையென்றால் கையில் இருப்பது வெறும் தகரம்தான்.

இது புரிய ராணுவங்களுக்கு நிறைய காலம் பிடித்தது. 1864இல் அமெரிக்க உள்நாட்டுப் போரில், கோல்ட் ஹார்பர் என்ற இடத்தில் மறுநாள் காலை தாக்கப்போகிறோம் என்று தெரிந்த சிப்பாய்கள், முந்தின இரவு தாளில் பெயரும் ஊரும் எழுதித் தங்கள் சட்டை முதுகில் குத்திக்கொண்டார்கள். ராணுவம் கொடுத்ததில்லை, அவர்களே செய்துகொண்டது. அமெரிக்காவின் விக்ஸ்பர்க் தேசியக் கல்லறையில் அதே போரின் வீரர்கள் சுமார் 17,000 பேர் கிடக்கிறார்கள், அதில் ஏறக்குறைய 13,000 பேருக்குப் பெயர் இல்லை. அமெரிக்க ராணுவம் தகட்டுக்கு ஆணை போட்டது 1906 டிசம்பரில்தான். பிரிட்டன் 1907இல்.

(ஆங்கிலத்தில் இதற்கு 'டாக் டேக்' என்று பெயர். பிரஷ்யச் சிப்பாய்கள் தங்கள் தகட்டைப் பார்த்து, நாய்வரி கட்டினால் நாய் கழுத்தில் மாட்டுவார்களே அதுபோல இருக்கிறது என்று கிண்டலடித்ததிலிருந்து இந்தச் சொல் ஒட்டிக்கொண்டதாகச் சொல்வார்கள். நம் திருவண்ணாமலைப் பக்கம் எடுத்தனூரில் ஏழாம் நூற்றாண்டு நடுகல் ஒன்றில், கள்ளரைக் கடித்து நிரை காத்த நாயின் பெயரையே பொறித்து வைத்திருக்கிறார்கள், கோவிவன் என்று. விக்ஸ்பர்க்கின் 13,000 பேருக்கு அதுகூடக் கிடைக்கவில்லை.)

சரி, முதல் தகடுகளில் என்ன பிழை? பிரிட்டிஷ் சிப்பாய்க்கு ஒரே ஒரு தகடுதான் கொடுத்தார்கள். ஆள் விழுந்தால் பக்கத்தில் இருப்பவன் அதை அறுத்து எடுத்துக்கொண்டு போய்ப் படைப்பிரிவு அலுவலகத்தில் கொடுப்பான். வீட்டுக்குக் கடிதம் போக வேண்டும், சம்பளத்தை நிறுத்த வேண்டும், ஓய்வூதியக் கணக்கைத் தொடங்க வேண்டும், எல்லாவற்றுக்கும் அந்தத் தகடு வேண்டும். ஆனால் தகடு போன அந்த நிமிடமே உடல் அநாதை. நாலு நாள் கழித்து அடக்கம் செய்ய வருகிறவனுக்கு அது யாரென்று தெரியாது. அலுவலகத்தில் 'இறந்தார்' என்று பதிவாகிவிட்டது, எந்தக் குழியில் என்பது மட்டும் யாருக்கும் தெரியாது.

இதைச் சரிசெய்ய 1916 செப்டம்பரில், முதல் உலகப் போரின் சொம் சண்டை நடுவில், இரண்டு தகடு முறை வந்தது. சிவப்பு வட்டம் எடுத்துப் போக, பச்சை எண்கோணம் உடலோடு விட்டுவிட. வடிவமே வேறு என்பதால் இருட்டில் தடவிப் பார்த்தாலும் எது எது என்று சொல்லிவிடலாம். நல்ல வடிவமைப்பு. ஆனால் பொருளில் கோட்டை விட்டார்கள். அந்தத் தகடுகள் உலோகம் இல்லை, 'வல்கனைஸ்ட் ஃபைபர்' என்ற பொருள். பெயர் பெரிதாக இருக்கிறதே தவிர, அடிப்படையில் அது தாள்தான்: காகித அடுக்குகளைத் துத்தநாகக் குளோரைடில் நனைத்து அழுத்தி இறுக்கியது. ஈரமண்ணில் தாளுக்கு என்ன ஆகுமோ அதுதான் அதற்கும் ஆனது. பச்சைத் தகடும் அதைக் கோத்த கயிறும் உடலோடு சேர்ந்து மக்கிப்போயின. பல சிப்பாய்கள் இதை முன்பே மோப்பம் பிடித்து, சொந்தக் காசில் உலோகக் காப்பு செய்து பெயர் பொறித்துப் போட்டுக்கொண்டார்கள். இன்றைக்குத் தோண்டும்போது சில சமயம் அந்தக் காப்புதான் கை கொடுக்கிறது. பிரான்ஸில் சொம் களத்தில் உள்ள தியப்வால் நினைவுச் சின்னத்தில் கல்லறை தெரியாத 72,000 பேருக்கு மேல் பெயர்கள் இருக்கின்றன. அதே பிரான்ஸின் நூவ் ஷப்பேலில் உள்ள இந்திய நினைவுச் சின்னத்திலும் 4,700க்கு மேற்பட்ட பெயர்கள் உண்டு.

உலோகம் என்றால் எது வேண்டுமானாலும் போதுமா? போதாது. அலுமினியம் காற்றுப் பட்டதும் மேலே மெல்லிய ஆக்ஸைடு படலத்தைப் போர்த்திக்கொள்ளும், அதனால் துருப்பிடிக்காது, ஆனால் 660 டிகிரி செல்சியஸில் உருகிவிடும். எரியும் டாங்கியிலும் விமானத்திலும் அது பெரிய வெப்பமே இல்லை. இரண்டாம் உலகப் போரில் அமெரிக்கர்கள் மோனெல் என்ற நிக்கல்-செம்புக் கலவைக்கும் எவர்சில்வருக்கும் போனார்கள். எவர்சில்வரிலும் இதே படலத் தந்திரம்தான், அங்கே குரோமியம் அந்த வேலையைச் செய்கிறது. உருக 1,400 டிகிரி வேண்டும்.

எனக்குப் பிடித்த விஷயம், எழுத்தை அடித்துப் பதிப்பது. அச்சை உலோகத்தில் ஓங்கி அடிக்கும்போது மேலே பள்ளம் விழுவதோடு நிற்காது, பள்ளத்துக்குக் கீழே உள்ள படிக அடுக்கும் நசுங்கிப்போகும். பிறகு மேற்பரப்பு தேய்ந்து எழுத்து கண்ணுக்குத் தெரியாமல் போனாலும், நசுங்கிய பகுதி அமிலத்தில் சுற்றுப்புறத்தைவிட வேகமாகக் கரையும். தடயவியல்காரர்கள் மெல்ல அமிலம் தடவினால் மறைந்த எண் நிழல்போல எழுந்து வரும். திருட்டு வண்டியில் ராவிவிட்ட சேசிஸ் எண்ணைப் போலீஸ் கண்டுபிடிப்பதும் இதே வழியில்தான்.

அப்புறம், பழைய அமெரிக்கத் தகட்டின் ஓரத்தில் ஒரு வெட்டு இருந்தது. செத்தவன் பல்லிடுக்கில் தகட்டைச் செருகி உதைத்து இறக்குவதற்காக அந்த வெட்டு என்று ஒரு கதை இன்றும் சுற்றுகிறது. கட்டுக்கதை. அச்சடிக்கும் கருவியில் தகடு நழுவாமல் சரியான இடத்தில் உட்காரத்தான் அது. ஆனால் பல் கதைக்கு இருக்கும் மவுசு உண்மைக்கு இல்லை, என்ன செய்வது.

இரண்டாம் உலகப் போர் கால ஜெர்மன் தகடு எல்லாவற்றிலும் கெட்டிக்காரத்தனமானது. ஒரே ஒரு நீள்வட்டம், குறுக்கே துளையிட்ட கோடு, இரு பாதியிலும் அதே எழுத்துகள். ஆள் இறந்தால் கீழ்ப்பாதியை உடைத்து எடுத்துக்கொள், மேல்பாதி கழுத்திலேயே இருக்கட்டும். 1929 ஜெனீவா ஒப்பந்தமே, எதிரியின் உடலானாலும் தகட்டில் பாதியை எடுத்து அனுப்பு, பாதியை விட்டுவை என்று சொல்கிறது. வேடிக்கை என்னவென்றால் ஜெர்மன் தகட்டில் பெயரே கிடையாது. முதலில் சேர்ந்த படைப்பிரிவின் சுருக்கம், ஓர் எண், ரத்த வகை. அவ்வளவுதான். எதிரி கையில் சிக்கினால் அவனுக்கு உருப்படியாக ஒன்றும் தெரியாது, ஆள் இப்போது எந்தப் பிரிவில் என்பதுகூட. ஆனால் பெயர் இல்லாத தகட்டுக்குப் பின்னால் ஒழுங்கான கவுண்டர் வேண்டுமே. அதற்கென்றே 1939 ஆகஸ்டில், போர் தொடங்கும் முன்பே, ஒரு தகவல் அலுவலகம் திறந்தார்கள். ஒவ்வொரு பிரிவும் யாருக்கு எந்த எண், யார் எங்கே மாறினார்கள் என்று பட்டியல் அனுப்பிக்கொண்டே இருக்க வேண்டும். 1.8 கோடிப் பேரின் விவரம் சேர்ந்தது. ஹிட்லர் போனார், அவருடைய அரசு போனது, அந்தப் பட்டியல் மட்டும் தப்பியது. 2019இல் ஜெர்மன் அரசு ஆவணக் காப்பகத்தோடு இணைத்தார்கள். இன்றைக்கும் ரஷ்யாவிலோ போலந்திலோ வயலை உழும்போது கிளம்பும் ஒரு தகட்டுக்கு அங்கிருந்து பெயர் கிடைக்கிறது.

எதிர்த்தரப்பைப் பாருங்கள். 1941இல் சோவியத் சிப்பாய்க்குக் கொடுத்தது கருப்பு எபோனைட் (கெட்டி ரப்பர்) குப்பி, சுண்டுவிரல் பருமன், திருகு மூடி. உள்ளே சுருட்டிய தாள்: பெயர், பிறந்த வருடம், ஊர், யாருக்குத் தகவல் சொல்ல வேண்டும். எண் தேவையில்லை, பதிவேடு தேவையில்லை, எல்லாம் தாளிலேயே. ஆனால் தாளை நிரப்பினால் சாவு நிச்சயம் என்று சிப்பாய்களிடையே ஒரு நம்பிக்கை பரவியது. பலர் எழுதாமலே வைத்திருந்தார்கள், சிலர் தாளைத் தூக்கிப் போட்டுவிட்டுக் குப்பியில் ஊசி, தீக்குச்சி வைத்துக்கொண்டார்கள் (ஈரம் புகாத டப்பா கிடைப்பது முன்களத்தில் சாமானியமா). 1942 நவம்பரில் குப்பி முறையே ரத்தானது. இன்றும் தேடுதல் குழுக்கள் காடுகளில் அவற்றை எடுக்கின்றன. சாதாரணப் பென்சிலால் எழுதியிருந்தால் அதிர்ஷ்டம், ஏனென்றால் கிராஃபைட் வெறும் கரி, எதனோடும் வினைபுரியாது, தாள் இருக்கும்வரை எழுத்தும் இருக்கும். மையோ மைப்பென்சிலோ என்றால் சாயம் தண்ணீரில் கரைந்து தாள் முழுக்க ஊதாக் கறை. தாளை அவசரப்பட்டு உலர்த்தவும் கூடாது, ஈரத்தோடு மில்லிமீட்டர் மில்லிமீட்டராகப் பிரிக்க வேண்டும்.

இதுவரை சொன்னது தகடு வீட்டுக்குச் சொல்லும் சேதி. அதே தகடு, இவன் யாருடைய ஆள் என்றும் சொல்லும். அங்கேதான் சிக்கல்.

ரோமானியச் சிப்பாய்களுக்குக் கழுத்தில் ஈய முத்திரை உண்டு. கி.பி. 295இல், இன்றைய அல்ஜீரியாவில் உள்ள தெபெஸ்ஸாவில், மாக்சிமிலியன் என்ற இளைஞர் அதை மாட்டிக்கொள்ள மறுத்தார்: நான் கிறிஸ்துவின் அடையாளத்தைத் தாங்கியவன், ஈயத்தைத் தாங்க மாட்டேன். தலையை வெட்டினார்கள். அவர் மறுத்தது தகட்டின் எழுத்துக்காக இல்லை, அதை மாட்டிக்கொண்டால் பேரரசரின் ஆளாகிவிடுவோம் என்பதற்காக.

அமெரிக்கத் தகட்டில் இறுதிச் சடங்குக்காக மதத்தின் முதலெழுத்தைப் போட்டார்கள். யூதர்களுக்கு 'எச்', ஹீப்ரு என்பதன் முதலெழுத்து. நல்லெண்ணம்தான். ஆனால் நாஜிகளிடம் பிடிபடும்போது கழுத்தில் அந்த எழுத்து இருப்பதென்றால் யோசித்துப் பாருங்கள். பலர் தகட்டைக் கழற்றி எறிந்தார்கள். 1945 ஜனவரியில் ஜெர்மனியின் ஸீகன்ஹைன் முகாமில், யூதக் கைதிகள் மட்டும் வெளியே வரவேண்டும் என்று உத்தரவு வந்தபோது, அமெரிக்கக் கைதிகளில் பதவியில் மூத்தவரான ராடி எட்மண்ட்ஸ் ஆயிரத்துக்கு மேற்பட்ட தன் ஆட்கள் அத்தனை பேரையும் வரிசையில் நிறுத்தினார். நெற்றியில் துப்பாக்கி. "இங்கே நாங்கள் எல்லோருமே யூதர்கள்" என்றார். பெயர், பதவி, எண் இவற்றைத் தவிர வேறெதையும் சொல்ல ஒப்பந்தப்படி அவசியமில்லை என்றும் சொன்னார். அதிகாரி துப்பாக்கியை இறக்கிக்கொண்டு போய்விட்டார். எட்மண்ட்ஸ் இதை வீட்டில்கூடச் சொல்லவில்லை, 1985இல் இறந்தார், அதற்கும் பிறகு அவர் மகன் தேடித்தான் கதை வெளியே வந்தது.

எதிர்ப்பக்கத்தில் நாஜிகளின் எஸ்எஸ் படையினர் இடது கையின் உட்புறம், அக்குளுக்குக் கீழே, ரத்த வகையைப் பச்சை குத்திக்கொண்டார்கள். காயம்பட்டால் உடனே ரத்தம் ஏற்ற வசதி. தோற்றதும் சீருடையைக் கழற்றலாம், தோலைக் கழற்ற முடியாதே. நேச நாட்டுப் படையினர் கைதிகளின் கையைத் தூக்கச் சொல்லிப் பார்த்தார்கள். ஆவுஷ்விட்ஸ் வதைமுகாமின் எஸ்எஸ் மருத்துவர் மெங்கலே கையில் அந்தப் பச்சை இல்லை. அமெரிக்கர்களிடம் பிடிபட்டும் அடையாளம் தெரியாமல் தப்பியதற்கு அதுவும் ஒரு காரணம்.

செஞ்சோற்றுக்கடன் என்று நாம் சொல்வது சிப்பாய் அரசனுக்குத் தீர்ப்பது. தகடும் பதிவேடும் அரசன் சிப்பாய்க்குத் திருப்பித் தர வேண்டிய கடன் என்று எனக்குத் தோன்றும். ஈழத்தில் புலிகளின் கழுத்தில் இரண்டும் தொங்கின: குப்பி, தகடு. குப்பியில் சயனைடு, பிடிபடாமல் இருக்க. தகட்டில் எண், செத்தால் யாரென்று தெரிய. 2023 ஜூனில் முல்லைத்தீவு மாவட்டம் கொக்குத்தொடுவாயில் குடிநீர்க் குழாய் பதிக்கத் தோண்டியபோது ஒரு மனிதப் புதைகுழி வெளிப்பட்டது. 52 பேரின் எலும்புகள், பெண் போராளிகளின் சீருடைகள், இலக்கத் தகடுகள். எண் அப்படியே இருக்கிறது. அந்த எண்ணை எந்தப் பெயருக்கு நேரே தேடுவது என்பதற்கான பட்டியல்தான் குடும்பங்களிடம் இல்லை.

பட்டியல் இல்லாத இடத்தில் மிஞ்சுவது டிஎன்ஏ. செல்லில் மற்ற டிஎன்ஏ இரண்டு பிரதிதான், மைட்டோகாண்ட்ரியாவில் இருப்பதோ நூற்றுக்கணக்கில், ஆயிரக்கணக்கில். அதனால் பழைய எலும்பிலும் ஏதாவது மிச்சம் இருக்கும், அதுவும் தாய்வழியில் அப்படியே இறங்கி வரும். 1941இல் பேர்ல் ஹார்பரில் மூழ்கிய ஓக்லஹோமா கப்பலில் இறந்த 429 பேரில் பெரும்பாலோர் பெயரில்லாமல் புதைக்கப்பட்டவர்கள். 2015இல் தோண்டி எடுத்து ஆறே வருடத்தில் 350க்கு மேற்பட்டவர்களை அடையாளம் கண்டார்கள். ஆனால் ஒப்பிட்டுப் பார்க்க உறவினரின் மாதிரி வேண்டும், முடிந்தால் தாயுடையது. கிளிநொச்சியிலும் வவுனியாவிலும் 2017இலிருந்து காணாமல்போன பிள்ளைகளின் படத்தைக் கையில் வைத்துக்கொண்டு பந்தலில் உட்கார்ந்திருந்த தாய்மாரில் பலர் ஏற்கெனவே இறந்துவிட்டார்கள்.