"சார்ஜ் ஆயிரம் ரூபாய்தான்": வெளிநாட்டுக்குப் பணம் அனுப்புமுன் பார்க்க வேண்டியவை

பிள்ளையை வெளிநாட்டுக்குப் படிக்க அனுப்பும் பெற்றோர் வங்கியில் முதலில் கேட்பது, "சார்ஜ் எவ்வளவு சார்?" கவுண்டரில் இருப்பவர் "ஆயிரம் ரூபாய், அப்புறம் ஜிஎஸ்டி" என்பார். அவர் பொய் சொல்லவில்லை. கேட்டதற்குப் பதில் சொன்னார், அவ்வளவுதான். நீங்கள் கேட்க வேண்டியது வேறு இரண்டு எண்கள். என் கணக்கிலிருந்து மொத்தம் எத்தனை ரூபாய் போகும்? அந்தப் பக்கம் கல்லூரிக் கணக்கில் எத்தனை டாலர் போய்ச் சேரும்? இந்த இரண்டையும் ஒரு தாளிலோ மின்னஞ்சலிலோ வாங்காமல் படிவத்தில் கையெழுத்துப் போடாதீர்கள்.

இந்தியாவில் வசிக்கும் யாரும் ஒரு நிதியாண்டில் 2,50,000 டாலர் வரை வெளிநாட்டுக்கு அனுப்பலாம். 2004இல் ரிசர்வ் வங்கி கொண்டுவந்த எல்ஆர்எஸ் என்ற திட்டம் அது. பான் எண் கட்டாயம். பின்னணி இவ்வளவு போதும். காசு எங்கே போகிறது என்று பார்ப்போம்.

பெரிய ஓட்டை, மாற்று விலை. செய்தியில் வரும் டாலர் விலை வேறு, வங்கி உங்களுக்கு விற்கும் விலை வேறு. வங்கி காலையில் ஒரு பட்டியல் போடும். அதற்குப் பெயர் கார்டு ரேட். அதில் வங்கியின் லாபம் ஏற்கெனவே சேர்ந்திருக்கும். சந்தையில் டாலர் 90 ரூபாய், வங்கியின் கார்டு ரேட் 91.60 என்று வைத்துக்கொள்வோம். 10,000 டாலர் அனுப்பினால் அந்த ஒன்றரை ரூபாய்ச் சொச்சத்தில் மட்டும் 16,000 ரூபாய் போய்விடும். இந்தத் தொகை எந்த ரசீதிலும் "கட்டணம்" என்ற தலைப்பில் வராது. ஆயிரம் ரூபாய் சார்ஜைக் குறைக்கச் சொல்லி மேலாளரிடம் அரை மணி நேரம் பேசுகிறவர்கள், பதினாறாயிரத்தைப் பற்றி ஒரு வார்த்தை கேட்காமல் எழுந்து வருகிறார்கள். தெரிந்தால்தானே கேட்பார்கள்?

கேட்டால் குறையும் என்பதுதான் விஷயம். சில ஆயிரம் டாலருக்கு மேல் போனால் பல வங்கிகளில் கிளைக்காரர் தங்கள் கருவூலப் பிரிவைக் கேட்டு அந்த நேரத்துக்கான விலையை வாங்கித் தர முடியும். "கார்டு ரேட் வேண்டாம், ட்ரெஷரியில் டீல் ரேட் கேட்டுச் சொல்லுங்கள்" என்று இதே வார்த்தைகளில் கேளுங்கள். "அதெல்லாம் பெரிய கம்பெனிகளுக்குத்தான்" என்று முதலில் சொல்வார்கள். சரி, வேறு வங்கியில் விசாரித்துவிட்டு வருகிறேன் என்று எழுந்து பாருங்கள். விலை 90.50க்கு இறங்கினாலே மேலே சொன்ன கணக்கில் 11,000 ரூபாய் மிச்சம். ஒப்பிட்டுப் பார்க்க, எஃப்பிஐஎல் நிறுவனம் ஒவ்வொரு வேலை நாளும் டாலர், பவுண்டு, யூரோ, யென் நான்குக்கும் குறிப்பு விலை வெளியிடுகிறது. அதைப் பார்த்துவிட்டுப் பேசினால் எதிரே இருப்பவரின் தொனியே மாறும்.

கல்விக்கடன் வாங்கியவர்கள் இங்கே இன்னும் அதிகமாக ஏமாறுகிறார்கள். கடன் கொடுத்த வங்கியே தன் கார்டு ரேட்டில் மாற்றி நேரே கல்லூரிக்கு அனுப்பிவிடும். விலை என்ன என்று யாரும் சொல்வதில்லை, யாரும் கேட்பதும் இல்லை. அந்த 16,000 ரூபாயும் கடனாகத்தான் ஏறுகிறது. அதற்கும் பல வருடம் வட்டி கட்டுவீர்கள். ஒவ்வொரு பருவத் தொகைக்கும் முதல் நாளே விலையைக் கேட்டு, ஒப்புக்கொண்ட பிறகு அனுப்பச் சொல்லுங்கள்.

ஜிஎஸ்டி பற்றி பயம் வேண்டாம். 18 சதவீதம் என்று கேட்டுத் திடுக்கிடுகிறார்கள். முழுத் தொகைக்கும் அது கிடையாது. மாற்றும் தொகையில் ஒரு சிறு பங்கைச் "சேவை மதிப்பு" என்று வைத்து, அதன்மேல்தான் 18 சதவீதம். ஒரு லட்சம் ரூபாய் மாற்றினால் வரி 180 ரூபாய், பத்து லட்சத்துக்கு 990. எவ்வளவு பெரிய தொகையானாலும் 10,800ஐத் தாண்டாது. ரசீதில் இதைவிடப் பெரிதாக இருந்தால் என்ன கணக்கு என்று கேளுங்கள்.

அடுத்தது, வழியில் கடிக்கிறவர்கள். உங்கள் வங்கிக்கும் கல்லூரியின் வங்கிக்கும் நடுவில் ஒன்றிரண்டு இடைத்தரகு வங்கிகள் இருக்கும். அவை தங்கள் பங்காக 15, 20, 25 டாலர் என்று எடுத்துக்கொண்டு மிச்சத்தைத் தள்ளிவிடும். ஊரில் எதுவும் தெரியாது. அங்கே கல்லூரி அலுவலகம் "கட்டணம் முழுதாக வரவில்லை" என்று பிள்ளையின் பதிவை நிறுத்தி வைக்கும். ஜெர்மனிக்குப் போகிற மாணவர் விசாவுக்காக முடக்கக் கணக்கில் (மாதாமாதம் குறிப்பிட்ட தொகை மட்டுமே எடுக்க முடிகிற கணக்கு) போட வேண்டிய தொகை 2024 செப்டம்பர் முதல் ஆண்டுக்கு 11,904 யூரோ. அதில் பத்து யூரோ குறைந்தாலும் குறைந்ததுதான். அந்தப் பத்து யூரோவை அனுப்ப மறுபடியும் ஆயிரம் ரூபாய் சார்ஜ், மறுபடியும் படிவம், மறுபடியும் கிளைக்கு நடை.

இதற்கு வழி படிவத்திலேயே இருக்கிறது. வெளிநாட்டு வங்கிக் கட்டணத்தை யார் ஏற்பது என்ற இடத்தில் மூன்று கட்டங்கள் இருக்கும்: ஓ.யு.ஆர். (எல்லாம் அனுப்புபவர் தலையில்), எஸ்.எச்.ஏ. (இருவரும் பகிர்வது), பி.இ.என். (எல்லாம் பெறுபவர் தலையில்). பெரும்பாலும் நடுவில் உள்ள எஸ்.எச்.ஏ.வை அவர்களே டிக் செய்து தருவார்கள். கல்லூரிக் கட்டணம் கட்டுகிறீர்கள் என்றால் ஓ.யு.ஆர். என்று மாற்றச் சொல்லுங்கள். கூடுதலாகச் சில நூறோ ஆயிரத்துச் சொச்சமோ கேட்பார்கள், கொடுக்கலாம், நட்டமில்லை. அப்படியும் சில வங்கிகள் பிடித்துக்கொள்வதுண்டு. அதனால் முடக்கக் கணக்கு போன்ற இடங்களுக்குக் கொஞ்சம் சேர்த்தே அனுப்புங்கள்.

எந்த நாணயத்தில் அனுப்புகிறோம் என்பதையும் பாருங்கள். யூரோ கணக்குக்கு டாலரை அனுப்பினால் இங்கே ஒரு முறையும் அங்கே ஒரு முறையும் மாற்றுவார்கள். இரண்டு முறையும் லாபம் அவர்களுக்கு.

இப்போது டிசிஎஸ், அதாவது பணம் அனுப்பும்போதே வங்கி உங்களிடம் முன்கூட்டி வசூலிக்கும் வருமான வரி. நிறையக் குடும்பங்கள் மாட்டிக்கொள்ளும் இடம் இதுதான்.

ஒருவர் ஒரு நிதியாண்டில் எல்லா வங்கிகள் மூலமாகவும், எல்லாக் காரணங்களுக்காகவும் அனுப்பும் தொகை 10 லட்சம் ரூபாயைத் தாண்டினால், தாண்டிய தொகைமேல் வங்கி வரி வசூலிக்கும். 2025 ஏப்ரலுக்கு முன் இந்த எல்லை 7 லட்சமாக இருந்தது. கல்விக்கும் மருத்துவத்துக்கும் சொந்தப் பணம் அனுப்பினால் விகிதம் 5 சதவீதமாக இருந்தது. 2026 பட்ஜெட் அதை 2 ஆகக் குறைத்தது. மற்ற காரணங்களுக்கு 20 சதவீதம். முறையான கல்விக்கடன் என்றால் டிசிஎஸ் கிடையாது.

20க்கும் 2க்கும் நடுவில் நிற்பது ஒரு குறியீடு மட்டுமே. ஏ2 படிவத்தில் எதற்காக அனுப்புகிறீர்கள் என்று ஒரு நோக்கக் குறியீடு எழுத வேண்டும். வெளிநாட்டில் படிப்பதற்கு எஸ்0305. அந்தக் குறியீட்டில் விடுதிச் செலவும் அடங்கும். படிப்புக்கான டிசிஎஸ் விகிதம் அன்றாடச் செலவுக்கும் பொருந்தும் என்று வருமான வரித்துறையே 2023 ஜூனில் விளக்கிவிட்டது. ஆனால் கிளையில் என்ன நடக்கிறது? "பையன் கணக்குக்குத்தானே போகிறது" என்று எஸ்1302, அதாவது அன்பளிப்பு, என்று போட்டுவிடுகிறார்கள். தகப்பனார் எங்கே கையெழுத்து என்று மட்டும் பார்க்கிறார். 25 லட்சம் அனுப்பினால் 10 லட்சம் போக 15 லட்சத்துக்கு 2 சதவீதம், 30,000 ரூபாய். அதே பணம் அன்பளிப்பு என்று போனால் 3 லட்சம். ஒரு வரித் தவறுக்கு இரண்டே முக்கால் லட்சம் பக்கம் முடங்குகிறது. குறியீட்டைப் பூர்த்தி செய்யாத படிவத்தில் கையெழுத்துப் போடவே வேண்டாம்.

டிசிஎஸ் செலவல்ல, திரும்ப வரும் என்று வங்கியில் சொல்வார்கள். உண்மை. எப்போது, யாருக்கு என்பதைச் சொல்ல மாட்டார்கள். யாருடைய பான் எண்ணில் பிடித்தார்களோ அவர் வருமான வரி ரிட்டர்ன் தாக்கல் செய்தால்தான் திரும்பும். விவசாய வருமானம் மட்டுமே உள்ள அப்பா, ஓய்வூதியம் வாங்கும் தாத்தா, ரிட்டர்ன் பக்கமே போகாத அம்மா ஆகியோர் பெயரில் பிடித்துவிட்டு எத்தனையோ குடும்பங்கள் அப்படியே விட்டுவிடுகின்றன. டிடிஎஸ் (சம்பளம், வட்டி போன்ற வருமானத்தில் பிடிக்கும் வரி), டிசிஎஸ் இரண்டும் சேர்ந்து ஆண்டுக்கு 25,000 ரூபாயை எட்டினால் ரிட்டர்ன் கட்டாயம். 60 வயதைத் தாண்டியவர்களுக்கு 50,000. ஆக, விட்டுவிட்டால் பணமும் போகும், நோட்டீசும் வரும். பிள்ளையின் சொந்தக் கணக்கிலிருந்து அனுப்பினால் பிடித்தம் பிள்ளையின் பானில் ஏறும். அவர் வெளிநாட்டில் உட்கார்ந்து ரிட்டர்ன் போட வேண்டும். கூட்டுக் கணக்கில் யாருடைய பான் என்பதை முன்கூட்டியே கேட்டு எழுதி வாங்குங்கள்.

மாதச் சம்பளக்காரர் என்றால் ஒரு வருடம் காத்திருக்கத் தேவையில்லை. பிடித்த டிசிஎஸ்ஸை அலுவலகத்தில் அறிவித்தால், சம்பளத்தில் பிடிக்கும் வரியில் கழித்துக்கொள்வார்கள். 2024 அக்டோபரில் இந்த வசதி வந்தது. பல அலுவலகங்களில் கணக்குப் பிரிவுக்கே இது தெரியாது. நீங்களாகத்தான் சொல்ல வேண்டும்.

எல்லை ஒவ்வொரு நபருக்கும் தனி என்பதால், பெற்றோர் இருவருக்கும் பான் எண்ணும் கணக்கும் இருந்தால் ஆளுக்குப் பாதியாக அனுப்பலாம். மார்ச்சில் கொஞ்சம், ஏப்ரலில் கொஞ்சம் என்று இரண்டு நிதியாண்டில் பிரிக்கவும் தடையில்லை, கல்லூரி கெடு இடம் கொடுத்தால். ஒன்று மட்டும்: பான் எண் ஆதாருடன் இணைந்திருக்கிறதா என்று முதலில் பாருங்கள். இணையாத பானுக்கு டிசிஎஸ் விகிதம் ஏறும். அனுப்பும் நாளில் அதைக் கண்டுபிடித்தால் அன்றைய வேலை நடக்காது.

கடன் என்று சொல்லி டிசிஎஸ் இல்லாமல் அனுப்ப நினைப்பவர்களுக்கு ஒரு எச்சரிக்கை. நகைக்கடன், வீட்டு அடமானக் கடன், தனிநபர் கடன் எதுவும் இதில் சேராது. வங்கியோ அரசு அறிவித்த நிதி நிறுவனமோ கல்விக்கென்றே கொடுத்த கடனாக இருக்க வேண்டும். கடன் தொகையை அப்பாவின் சேமிப்புக் கணக்கில் வாங்கி, அங்கிருந்து வேறு வங்கி வழியாக அனுப்பினால் "இது சொந்தப் பணம்தானே" என்று பிடித்துவிடுவார்கள். கடன் ஒப்புதல் கடிதத்தையும் பணம் வந்த கணக்கு விவரத்தையும் கையில் வைத்துக்கொண்டு போங்கள். முடிந்தால் கடன் கணக்கிலிருந்து நேரே போகட்டும்.

அலைக்கழிப்பு பற்றிச் சொல்லாமல் இருக்க முடியவில்லை. சின்ன ஊர்க் கிளைக்குப் போனால் "இங்கே ஃபாரெக்ஸ் கிடையாது, மெயின் பிராஞ்ச் போங்க" என்பார்கள். அங்கே போனால் "உங்க கணக்கு இருக்கிற கிளையிலிருந்து கடிதம் வாங்கிட்டு வாங்க". அப்புறம், "கணக்கு ஆரம்பிச்சு ஒரு வருஷம் ஆகலையே, அனுப்ப முடியாது". அந்த ஒரு வருட நிபந்தனை வெளிநாட்டில் சொத்து, பங்கு வாங்குவது போன்ற மூலதனப் பரிவர்த்தனைக்கானது. கல்விக் கட்டணத்துக்கு அதைக் காட்டி மறுத்தால், "எழுதித் தாருங்கள்" என்று கேளுங்கள். பாதிப் பேர் அத்தோடு இறங்கி வருவார்கள்.

இன்னொன்று, வெளிநாட்டுக்குப் பணம் அனுப்ப வருமான வரித்துறை கேட்கும் படிவங்கள், பழைய எண்ணில் 15சிஏ, 15சிபி. "ஆடிட்டரிடம் சான்றிதழ் வாங்கி வாருங்கள்" என்று அனுப்பிவிடுவார்கள்; ஆடிட்டருக்கு ஆயிரக்கணக்கில் கட்டணம். ரிசர்வ் வங்கியின் முன் அனுமதி தேவைப்படாத இந்த மாதிரி தனிநபர் அனுப்புதல்களுக்கு வருமான வரி விதிகளே அந்தப் படிவங்களிலிருந்து விலக்குத் தருகின்றன. பிள்ளையின் படிப்புக்கு அவை வேண்டியதில்லை. ஏ2 படிவத்தை இணையத்திலேயே வாங்கிக்கொள்ளலாம் என்று வங்கிகளுக்கு ரிசர்வ் வங்கி 2024 ஜூலையில் சொல்லிவிட்டது. உங்கள் வங்கிச் செயலியில் அந்த வசதி இருந்தால் இந்த நடையே மிச்சம். ஆனால் செயலியில் வருவது கார்டு ரேட்டாக இருக்கும். அவசரமில்லாத பெரிய தொகைக்கு நேரில் பேரம் பேசுவதே மேல்.

கிளையில் "ஒரு இன்ஷூரன்ஸ் பாலிசி போட்டால் சீக்கிரம் முடிச்சுத் தரேன்" என்று யாராவது ஆரம்பித்தால் அங்கேயே நிறுத்துங்கள். "உண்டியலில் (ஹவாலா) அனுப்பினால் நல்ல விலை" என்று சொல்லும் தெரிந்தவரையும்தான். விசா அதிகாரி பணம் வந்த வழியைக் கேட்டால் அவர் வந்து நிற்க மாட்டார்.

பெறுபவர் பெயர், கணக்கு எண், ஐபான் எண் (ஐரோப்பா போன்ற இடங்களில் உள்ள சர்வதேச வங்கிக் கணக்கு எண்), மாணவர் அடையாள எண் எல்லாவற்றையும் கல்லூரி அனுப்பிய கடிதத்திலிருந்து எழுத்துக்கு எழுத்து பாருங்கள். கணக்கு விவரத்தில் ஒரு இலக்கம் பிசகினாலும் பணம் திரும்பி வரலாம். வரும்போது விற்ற விலையில் வராது, வாங்கும் விலையில்தான் வரும்; போக வர இரண்டு பக்கமும் நட்டம். அனுப்பிய அன்றே ஸ்விஃப்ட் நகலை, அதாவது உங்கள் வங்கி அடுத்த வங்கிக்கு அனுப்பிய செய்தியின் நகலை, வாங்குங்கள். பணம் எங்கே நிற்கிறது என்று கண்டுபிடிக்க அதிலுள்ள எண்தான் உதவும். "ரெண்டு நாள் கழிச்சு வாங்க" என்றால் மின்னஞ்சலில் கேளுங்கள், பதிவு இருக்கும்.

சொன்ன விலை ஒன்று பிடித்த விலை ஒன்று என்றாலோ, குறியீட்டை அவர்களே மாற்றிப் போட்டு டிசிஎஸ் பிடித்தாலோ, வங்கிக்கு முதலில் எழுத்தில் புகார் கொடுத்து எண் வாங்குங்கள். 30 நாளில் பதில் வராவிட்டாலோ, வந்த பதில் சரியில்லை என்றாலோ ரிசர்வ் வங்கியின் குறைதீர்ப்பாளரிடம் இணையத்தில் இலவசமாகவே புகார் செய்யலாம். விவரம் கேட்க 14448 என்ற எண்ணுக்கு அழையுங்கள். வக்கீல் தேவையில்லை. முதல் நாள் வாங்கிய அந்த இரண்டு எண்கள் உள்ள தாளை மட்டும் இணைக்க மறக்காதீர்கள்.