கனவில் ஏன் கோட்டைக்குள் பரீட்சை நடக்கிறது?

திருகோணமலைக்காரர் ஒருவருக்கு இப்படி ஒரு கனவு வரலாம். பிரட்ரிக் கோட்டை வாசலால் உள்ளே போகிறார். மரத்தடியில் வழக்கம்போல மான்கள் நிற்கின்றன. ஏற்றத்தில் நடந்து கோணேசர் கோயிலடிக்கு வந்தால் அங்கே கோயில் இல்லை, பரீட்சை மண்டபம் இருக்கிறது. மேற்பார்வைக்கு நிற்பவர் மூதூர் மாமா. கனவு ஓடும்போது இதில் ஒரு பிழையும் தெரியாது. கோட்டை சரி, மான் சரி, மாமாவின் முகமும் சரி. எல்லாமே ஞாபகத்திலிருந்து வந்தவைதான், கோர்வை மட்டும் புதிது. இது ஏன் என்று தேடிப் போனால், நித்திரையில் மூளை பார்க்கும் வேலை கொஞ்சம் கொஞ்சமாகத் தெரியவரும்.

பகலில் நடப்பதை முதலில் பிடித்து வைப்பது மூளையின் உட்பகுதியில், இரு பக்கமும் இருக்கும் ஹிப்போகாம்பஸ். 1953இல் ஹென்றி மொலைசன் என்ற அமெரிக்கருக்கு வலிப்பு நோய்க்காக அதன் பெரும்பகுதியை வெட்டி எடுத்தார்கள். சிறுவயது நினைவுகள் பல அவரிடம் தங்கின. ஆனால் 2008இல் இறக்கும்வரை, காலையில் பேசியவரை மத்தியானம் அவருக்குத் தெரியாது. அப்படியென்றால் பழைய ஞாபகங்கள் ஹிப்போகாம்பஸை விட்டு வேறிடத்துக்குப் போயிருக்க வேண்டும். அந்த இடம் மூளையின் மேலுறையான புறணி. மீன் கடை முதலாளி பகல் முழுக்கச் சிட்டையில் கிறுக்கியதை, கடை பூட்டிய பிறகு கணக்குக் கொப்பியில் ஏற்றுகிற மாதிரி இது. ஏற்றும் வேலையில் பெரும்பங்கு நாம் நித்திரை கொள்ளும்போது நடக்கிறது.

இதை முதலில் தெளிவாகக் காட்டியவை எலிகள். எலியின் ஹிப்போகாம்பஸில் இடத்துக்கு ஒரு செல் என்பதுபோல, குறிப்பிட்ட இடத்துக்கு வந்தால் மட்டும் துடிக்கும் செல்கள் உண்டு. அவற்றைக் கண்டுபிடித்த ஜோன் ஓகீஃபுக்கு 2014இல் நோபல் பரிசில் பங்கு கிடைத்தது. 1994இல் மத்தேயு வில்சனும் புரூஸ் மெக்நோட்டனும், எலி ஓடித் திரிந்தபோது சேர்ந்து துடித்த செல்கள் அது தூங்கும்போதும் சேர்ந்து துடிப்பதைப் பதிவு செய்தார்கள். நடந்த பாதையையே செல்கள் அதே வரிசையில், பல மடங்கு வேகமாகத் திரும்ப ஓட்டிப் பார்க்கின்றன என்பதும் பின்னர் தெரிந்தது. எலி ஓரிடத்தில் சுருண்டு கிடக்க, அதன் மூளை வந்த வழியை மறுபடி நடக்கிறது. எனக்கு இந்தத் துறையில் இதைவிட அழகான கண்டுபிடிப்பு கிடையாது.

மனிதரிலும் சோதித்தார்கள். 2007இல் ஜெர்மனியில் பியோர்ன் ராஷ், யான் போர்ன் குழுவினர், கவிழ்ந்திருக்கும் ஜோடிப் படங்கள் எங்கெங்கே இருக்கின்றன என்று பாடமாக்கச் சொல்லி, அந்த நேரம் ரோசாப்பூ வாசனையைக் காட்டினார்கள். இரவு ஆழ்ந்த நித்திரையில் அதே வாசனையை மீண்டும் காட்டியபோது, மறுநாள் 97 சதவீதம் ஞாபகம் இருந்தது. வாசனை இல்லாத இரவுக்குப் பின் 86 சதவீதம். கனவு மிகுந்த கட்டத்தில் காட்டிய வாசனை பயன் தரவில்லை.

அந்தக் கட்டத்தைத்தான் 1953இல் யூஜின் அசெரின்ஸ்கியும் நதானியல் கிளைட்மனும் அறிவித்தார்கள். மூடிய இமைக்குள் கண்கள் வேகமாக அசையும், உடலின் தசைகள் தளர்ந்து கிடக்கும். தெளிவான கனவுகள் அதிகம் வருவது இதில்தான். மூளையை விழிப்பாக வைத்திருக்கும் நோரட்ரினலின் என்ற இரசாயனம் அப்போது மிகக் குறைவு. கண்ட கனவு பல் விளக்கி முடிப்பதற்குள் மறந்துபோவதற்கு அதுவும் ஒரு காரணமாகச் சொல்லப்படுகிறது.

சரி, கனவுக்கும் அன்று நடந்தவற்றுக்கும் என்ன தொடர்பு? 2000இல் ரொபர்ட் ஸ்டிக்கோல்ட் என்ற ஆய்வாளர் ஆட்களுக்கு டெட்ரிஸ் என்ற, விழும் கட்டைகளைத் திருப்பி அடுக்கும் கணினி விளையாட்டை விளையாடக் கொடுத்தார். கண் அயரும் நேரத்தில் பலருக்குக் கட்டைகள் விழும் காட்சி வந்தது. மொலைசனைப் போல ஞாபகம் இழந்த ஐவரும் அதில் இருந்தார்கள். விளையாடியதே அவர்களுக்கு நினைவில்லை. ஆனாலும் மூவர், ஏதோ வடிவங்கள் விழுந்து திரும்புவதைக் கண்டதாகச் சொன்னார்கள். சம்பவம் அழிந்துவிட்டது, அதன் வடிவம் தங்கிவிட்டது. நடந்தது நடந்தபடி முழுதாக வரும் கனவுகள் ஆய்வுகளில் நூற்றுக்கு ஒன்றிரண்டுதான் தேறின. மூளை சம்பவத்தைத் துண்டாக்கிப் பழைய துண்டுகளோடு பொருத்திப் பார்க்கிறது. கோட்டைக்குள் பரீட்சை வைப்பது அந்தப் பொருத்தல்தான் என்று நம்ப நல்ல காரணம் இருக்கிறது. கனவு அந்த வேலைக்கே உதவுகிறதா, அல்லது வேலை நடக்கும்போது தெரியும் காட்சி மட்டுமா என்ற வாதம் இன்னும் முடியவில்லை.

ஏ.எல். எடுக்கும் பிள்ளைகளுக்கு ஒன்று சொல்ல வேண்டும். ஆழ்ந்த நித்திரை இரவின் முன்பாதியிலும் கனவு நித்திரை விடியற்புறத்திலும் கூடுதலாக வரும். விடிய விடிய முழித்துப் படித்தால் இரண்டும் போய்விடும். மறுநாள் புதிதாக எதையும் பிடித்துக்கொள்ளும் சக்தியும் குறையும்.

இந்தப் பொருத்தல் வேலை நடக்காமல் போகும் இடமும் உண்டு. 2004 டிசம்பர் 26இல் கடல் ஏறி வந்ததைக் கண்ட எங்கள் கரையில் அதைச் சொல்லாமல் விட முடியாது. பெரிய அதிர்ச்சிக்குப் பின் சிலருக்குச் சம்பவம் துண்டாகாமல், ஏறக்குறைய அப்படியே திரும்பத் திரும்பக் கனவில் வரும். இரவில் அடங்க வேண்டிய நோரட்ரினலின் இவர்களில் அடங்காமல் நிற்பது ஒரு காரணமாகக் கருதப்படுகிறது. இதற்கு மருந்தில்லாத ஒரு சிகிச்சை இருக்கிறது. பாதிக்கப்பட்டவர் பகலில், முழு விழிப்பில், அந்தக் கனவை எழுதி, அதைத் தான் விரும்பியபடி மாற்றி, மாற்றிய கதையைத் தினமும் சில நிமிடங்கள் மனதில் ஓட்டிப் பார்க்க வேண்டும். 2001இல் பாரி கிராகோவின் குழு வெளியிட்ட ஆய்வில், இப்படிச் செய்த பெண்களுக்குக் கெட்ட கனவுகள் குறைந்தன, நித்திரையும் சீரானது. எதை மாற்றுவது, எப்படி மாற்றுவது என்று வைத்தியர் சொல்லிக் கொடுப்பதில்லை. அதைக் கனவு கண்டவரே தீர்மானிக்கிறார்.