நெருப்புக்குள் ஓர் ஈரச் சட்டை

"அந்தக் காலத்து ஜப்பானில் தீயணைப்பவர்கள் பருத்திக் கோட்டா போட்டிருந்தார்கள்? பற்றிக்கொள்ளாதா?" ஜப்பானியச் சீருடைகள் பற்றி எழுதியதற்கு ஒரு வாசகி கேட்டது இது. பற்றிக்கொள்ளும்தான். அதனால்தான் தொப்பலாக நனைத்துவிட்டு இறங்கினார்கள்.

எடோ, அதாவது இன்றைய டோக்கியோ, மரத்தாலும் காகிதத்தாலும் ஆன ஊர். 1657-ல் பெரும்பகுதி சாம்பலானது. 1720-ல் நகர மக்களின் தீயணைப்புக் குழுக்களுக்கு 'இரோஹா' எழுத்து வரிசையில் பெயர் வைத்தார்கள். 'ஹி' என்றால் நெருப்பு என்பதால் அந்த எழுத்துக்கு மாற்றுப்பெயர்! சகுனத்துக்குப் பயந்தவர்கள் நெருப்புக்குப் பயப்படவில்லை. தீ பரவும் பக்கத்து வீடுகளைக் கொக்கி போட்டு இடித்துத் தள்ளுவதுதான் முக்கிய வேலை. அனலுக்கு வெகு அருகில் நிற்க வேண்டும்.

இனி கோட்டுக்கு வருவோம். பல அடுக்குப் பருத்தித் துணியை நெருக்கமான ஓட்டுத் தையலால் ஒன்றாக இறுக்கியிருப்பார்கள். 'சாஷிகோ' என்று பெயர். ஒரு லிட்டர் தண்ணீரை 30 டிகிரியிலிருந்து 100-க்குச் சூடாக்க ஏறக்குறைய 290 கிலோ ஜூல் போதும். அதையே ஆவியாக்க 2,260 வேண்டும். பள்ளியில் படித்த உள்ளுறை வெப்பம்தான். ஈரம் இருக்கும்வரை துணி 100 டிகிரியைத் தாண்டாது. பருத்தி எரிய 200-க்கு மேல் போக வேண்டும். காகிதக் கப்பில் தண்ணீர் ஊற்றி மெழுகுவர்த்தி மேல் பிடித்துப் பாருங்கள், கப் எரியாது.

ஆனால் வெளிப்பக்கம் சீக்கிரம் காய்ந்துவிடுமே? இங்கேதான் எனக்குத் தையலைக் கொஞ்சத் தோன்றுகிறது. அடுக்குகள் ஒட்டிக் கிடப்பதால், வெளியே காயக் காய, உள்ளேயிருக்கும் நீர் இழைகளின் நுண்ணிய இடுக்குகள் வழியே வெளிப்பக்கம் ஏறி வரும். குத்துவிளக்குத் திரி எண்ணெய் இழுப்பதும் இப்படித்தான். அங்கே பருத்தி நெருப்புக்குத் தீனி போடுகிறது, இங்கே அதையே நெருப்புக்கு எதிராகத் திருப்பியிருக்கிறார்கள்.

குறையும் உண்டு. தண்ணீர் காற்றைவிட இருபது மடங்குக்கு மேல் வெப்பம் கடத்தும். கொதித்தால் ஆவியே தோலைச் சுடும். ஈரக் கோட்டின் கனம் வேறு.

வெளிப்பக்கம் குழுவின் சின்னம். உள்பக்கத்தில் டிராகனோ வீரனோ வண்ணமாக விரிந்திருக்கும். மழை தரும் டிராகன் காவல் நிற்கும் என்று நம்பினார்கள். காப்பாற்றியது தண்ணீர், பெயர் டிராகனுக்கு! தீ அடங்கியதும் கோட்டை உள்வெளியாகத் திருப்பிப் போட்டுக்கொண்டு, கரி படிந்த முகத்தோடு தெருவில் நடப்பார்கள். அதுவரை குழுவின் எழுத்தைச் சுமந்த முதுகில் இப்போது அவரவர் டிராகன்.