சதுர அடிக்கு 5 ரூபாயோடு கணக்கு முடிந்துவிடாது

போன மாதம் ஒருவர் கட்டுமான ஒப்பந்தத்தை எடுத்துக்கொண்டு ஆபீசுக்கு வந்தார். பள்ளிக்கரணைப் பக்கம் 1,050 சதுர அடி ஃப்ளாட், பதினெட்டு மாதத்தில் சாவி தருவதாகச் சொன்னவர்கள் மூன்று வருடமாக இழுத்தடிக்கிறார்கள், இவரோ மாதாமாதம் வாடகையும் கட்டி இஎம்ஐயும் கட்டிக்கொண்டிருக்கிறார். இந்த மாதிரி ஒப்பந்தம் கையில் வந்தால் நான் முதலில் தேடுவது இரண்டே ஷரத்துகளைத்தான். நாம் தவணை கட்டத் தாமதித்தால் வட்டி 18 சதவீதம். பில்டர் தாமதித்தால் சதுர அடிக்கு மாதம் 5 ரூபாய், அதாவது இவருக்கு 5,250 ரூபாய்.

"எல்லாத்துலயும் கையெழுத்துப் போட்டுட்டேனே சார்" என்றார்.

போட்டால் என்ன? 2016ஆம் வருட ரெரா சட்டப்படி, அதாவது வீடு வாங்குபவர்களுக்கான ரியல் எஸ்டேட் ஒழுங்குமுறைச் சட்டப்படி, இரண்டு தரப்புக்கும் ஒரே வட்டி விகிதம்தான். ஒருதலைப்பட்சமான ஷரத்து வீடு வாங்கியவரைக் கட்டுப்படுத்தாது என்று உச்ச நீதிமன்றமும் 2019இல் பயனியர் அர்பன் வழக்கில் சொல்லிவிட்டது.

சரி, எதைக் கேட்பது? ரெரா சட்டத்தின் பிரிவு 18 இரண்டு வழி தருகிறது. வீடே வேண்டாமென்றால் கட்டிய பணத்தை வட்டியோடு திரும்பக் கேட்கலாம். மணல் கிடைக்கவில்லை, ஆள் கிடைக்கவில்லை என்ற கதையெல்லாம் இங்கே எடுபடாது, உச்ச நீதிமன்றத்தின் 2021 நியூடெக் தீர்ப்பு இதை நிபந்தனையற்ற உரிமை என்கிறது. வீடுதான் வேண்டுமென்றால் சாவி தரும்வரை தாமதமான ஒவ்வொரு மாதத்துக்கும் வட்டி. வக்கீலிடம் வருவதற்கு முன் வீட்டில் உட்கார்ந்து இதைப் பேசி முடித்துவிடுங்கள், பாதியில் மனம் மாறினால் மனுவையே திருத்த வேண்டிவரும்.

பணத்தைத் திரும்பக் கேட்பதும் வட்டியும் ரெரா ஆணையத்திடம், படிவம் எம். மன உளைச்சல் போன்றவற்றுக்கான இழப்பீடு தனி அதிகாரியிடம், படிவம் என். இரண்டையும் ஒரே மனுவில் போட்டுக் குழப்பி, மாதக்கணக்கில் அலைந்தவர்களைப் பார்த்திருக்கிறேன். நுகர்வோர் ஆணையத்துக்கும் போகலாம், அங்கே இரண்டு வருடக் காலவரம்பு உண்டு, ஆனால் ஒரே கோரிக்கையோடு இரண்டு இடத்திலும் ஏற முடியாது.

அப்புறம் அந்தக் கடிதம். சாவி கொடுக்கும் அன்று, பால் காய்ச்ச நாள் பார்த்துவிட்டுக் குடும்பமே வந்து நிற்கும்போது, "எனக்கு எந்தக் கோரிக்கையும் இல்லை" என்று டைப் செய்த தாளை நீட்டுவார்கள். மறுத்துப் பாருங்கள். கையெழுத்துப் போட்டால்தான் சாவி என்றால், அதையே வாட்ஸ்அப்பில் எழுதி அனுப்பச் சொல்லுங்கள், அது நமக்கு நல்ல சாட்சி. வேறு வழியே இல்லையா, "என் உரிமைகளை விட்டுக்கொடுக்காமல் பெற்றுக்கொள்கிறேன்" என்று கையால் ஒரு வரி எழுதிவிட்டுப் போடுங்கள்.

உத்தரவு வந்த மறுநாளே பணம் வந்துவிடும் என்று நான் யாருக்கும் சொல்வதில்லை. வராவிட்டால் நிலவரி பாக்கியைப் போல கலெக்டர் மூலம் வசூலிக்கச் சட்டத்தில் வழி உண்டு, மெதுவாகத்தான் நகரும். ஆனால் பில்டர் மேல்முறையீட்டுக்குப் போக வேண்டுமானால், நமக்குத் தர வேண்டிய மொத்தப் பணத்தையும் வட்டியோடு முதலில் தீர்ப்பாயத்தில் கட்டியாக வேண்டும். "உட்கார்ந்து பேசலாம் சார்" என்று அவர்கள் ஆபீசிலிருந்து போன் வருவது பெரும்பாலும் அப்போதுதான்.